கொந்தளிக்கும் கடலை நம்பியவள்

கடல் அமைதியாக இருந்தால் எங்கள் ஊரில் யாருக்கும் தூக்கம் வராது. எங்கள் ஊரான ஒதெசாவில் இது தலைகீழாக இருந்த காலம் உண்டு. அலையில்லாத நாளென்றால் கரையெல்லாம் வெயில் காய வந்த கூட்டம், சந்தையில் மீன் மதியத்துக்குள் தீர்ந்துவிடும். போர் தொடங்கிய இரண்டாவது ஆண்டிலோ, கண்ணாடி போலக் கிடக்கும் கடலைப் பார்த்தால் ஊரே வீட்டுக்குள் ஓடியது. அப்படிப்பட்ட கடலில்தான் எதிரியின் ஏவுகணைக் கப்பல்கள் தங்கள் துறைமுகத்தை விட்டுக் கிளம்பும்.

முதல் மாதங்களில் அந்தக் கப்பல்கள் கண்ணுக்குத் தெரிந்தன. தொடுவானத்தில் சாம்பல் நிறத்தில் நின்றன. பிறகு எங்கள் ஆட்கள் கரையிலிருந்தே ஏவுகணை விட்டு அவர்களுடைய பெரிய கப்பலை மூழ்கடித்தார்கள். ஊரே கொண்டாடியது. மற்ற கப்பல்கள் பயந்துபோய்ப் பார்வைக்கு எட்டாத தூரத்துக்கு விலகின. ஒழிந்தது சனியன் என்று இருக்க முடிந்ததா? அங்கே நின்றுகொண்டே எங்கள் சமையலறை வரைக்கும் அவர்களால் ஏவுகணை அனுப்ப முடிந்தது. காலிபர் என்று அதற்குப் பெயர். கப்பலின் மேல்தளத்திலிருந்து செங்குத்தாகக் கிளம்பும். பிறகு தலையைத் தாழ்த்திக்கொண்டு, ரேடார் கண்ணில் படாமல், அலைக்குச் சற்று மேலே பதுங்கிப் பதுங்கி வரும். பொத்தானை அழுத்துகிறவன் தான் இடித்த வீட்டை ஒருநாளும் பார்க்கப் போவதில்லை. கடற்போர் இன்றைக்கு இந்த லட்சணத்தில் இருக்கிறது.

"முன்னாடியாவது கண்ணுக்குத் தெரிஞ்சான், அந்தப் பக்கம் திரும்பிக் காறித் துப்பினோம். இப்ப எந்தப் பக்கம் துப்புறது?" என்று பிரிவோஸ் சந்தையின் மீன் வரிசையில் ரிம்மா கேட்டாள். கேட்டது பக்கத்துக் கடைக்காரியிடம்தான். ஆனால் அவள் குரலுக்குச் சந்தையின் மறுகோடியில் பாலாடைக்கட்டி விற்பவர்களும் திரும்பிப் பார்த்தார்கள்.

ரிம்மாவுக்கு அறுபத்து நான்கு வயது. பெரெசிப் பகுதியில் மீனவர் குடும்பத்தில் பிறந்தவள். நாற்பது ஆண்டுகளாகச் சந்தையில் மீன் விற்கிறாள். கல்லுக்கடியில் பிடிக்கிற உளுவை மீனும் விரல் நீளச் சிறுமீனும்தான் அவள் கடையின் பெருமை. கடலில் கண்ணிவெடி மிதக்கத் தொடங்கிப் படகுகள் கரையேறிய பிறகு, எங்கிருந்தோ பெட்டியில் உறைந்து வரும் மீனை விற்க வேண்டியதாயிற்று. அதைக் கையில் எடுக்கும்போதெல்லாம் அவள் முகம் கோணும். வாங்குகிறவர்களிடம், "இது மீன் இல்லம்மா, மீனோட போட்டோ" என்பாள். வாங்காமல் போனாலும் திட்டுவாள்.

அவள் பிடித்த முயலுக்கு மூன்றே கால். சந்தையில் யார் யாருடன் பேசக் கூடாது என்பதில் தொடங்கி, யார் வீட்டுக் கல்யாணத்தில் என்ன சமைப்பது என்பது வரைக்கும் அவள் சொன்னால் சொன்னதுதான். பாதி நேரம் அவள் சொன்னது சரியாகவும் இருந்து தொலைத்தது. அதனால்தான் ஊருக்கு அவள்மேல் அவ்வளவு நம்பிக்கை வந்தது.

போர்க்காலத்தில் அந்த நம்பிக்கை ஒரு வழக்கமாகவே ஆகிவிட்டது. சாயங்காலம் கடையைச் சாத்தியதும் ரிம்மா கடற்கரைக்குப் போவாள். காற்று எந்தப் பக்கம், அலை எவ்வளவு உயரம், கடற்காகங்கள் நீரிலா தரையிலா என்று பார்ப்பாள். பிறகு போனில் ஒரு குரல் செய்தி போடுவாள். மேல்தளம் ஆடுகிற கடலில் கப்பல் ஏவுகணையை ஏவாது. அலை எழுந்தால் அவை துறைமுகத்தை விட்டு நகர்வதே இல்லை. அதனால் ரிம்மா "கொந்தளிக்குது, தூங்குங்க" என்றால் மீன் வரிசை முழுவதும், அவர்களுடைய பிள்ளைகளும், பிள்ளைகளின் அண்டை வீட்டாரும் அன்றைக்குக் கட்டிலில் படுத்தார்கள். "அமைதியா இருக்கு" என்றால் மெத்தையை ஜன்னலில்லாத உள்நடைக்கு இழுத்தார்கள். தனக்கும் தெருவுக்கும் நடுவில் இரண்டு சுவர் இருக்க வேண்டும் என்பது எங்கள் ஊரில் குழந்தைக்கும் தெரிந்த விதி.

ரிம்மாவுக்கு உலகத்தில் மிஞ்சியிருந்த ஒரே இரத்த உறவு தங்கை ஸோயா. அம்மா போனபோது ஸோயா சிறுமி. ஜடை பின்னிவிட்டதும் பள்ளிக்கு அனுப்பியதும் பியானோ கற்றுக்கொள்ள வைத்ததும் ரிம்மாதான். ஸோயாவைக் கட்டிக்கொள்ள விரும்பி வந்த ஒரு கப்பல் சமையல்காரனை வாசலோடு திருப்பி அனுப்பியதும் அவளேதான். "சமைக்கிறவன் கை சுத்தமா இருக்கணும். இவன் நகத்தைப் பாத்தியா?" என்றாள். ஸோயா "சரிக்கா" என்றாள். அதற்குப் பிறகு வேறு யாரும் வரவில்லை. ஸோயா மழலையர் பள்ளி ஒன்றில் பியானோ வாசித்தாள். ஐந்து மாடிப் பழைய குடியிருப்பில், நான்காவது தளத்தில், சிறிய வீடு ஒன்றில் தனியாக இருந்தாள். அக்கா எதைச் சொன்னாலும் அவளிடமிருந்து வந்த பதில் அந்த ஒரே சொல்தான்.

போர் தொடங்கியதிலிருந்து ஸோயா குளியல் தொட்டியில் படுத்துத் தூங்கினாள். அவள் வீட்டில் இரண்டு சுவருக்கு உள்ளே இருந்த ஒரே இடம் குளியலறை. தொட்டியில் பழைய பஞ்சு ரஜாயைப் போட்டு, தலையணை வைத்து, முழங்காலை மடக்கிக்கொண்டு படுப்பாள். ஓராண்டு கழிந்ததும் முதுகு நிமிராமல் போயிற்று. பியானோ முன்னால் உட்கார்ந்தால் எழுந்திருக்க முடியவில்லை. ரிம்மாவுக்கு அதைப் பார்க்கப் பார்க்க எரிந்தது.

நவம்பரில் ஒரு நாள் தெற்கிலிருந்து காற்று கிளம்பியது. சாயங்காலத்துக்குள் கடல் பேயாட்டம் ஆடியது. படகுத்துறையின் பலகைகள் பெயர்ந்து பறந்தன. ரிம்மா நுரையில் நனைந்தபடி நின்று சிரித்தாள். அப்படிச் சிரித்து எத்தனையோ நாளாகியிருந்தது. முதலில் எல்லோருக்கும் குரல் செய்தி போட்டாள். பிறகு தங்கையைத் தனியாகக் கூப்பிட்டாள்.

"ஸோயா, இன்னைக்குக் கட்டில்ல படு."

"பாக்கலாம்க்கா."

"என்ன பாக்கலாம்? நான் பாத்துட்டுத்தானே சொல்றேன்! இந்த அலையில அவன் கப்பல் கிளம்பினா, ஏவுகணைக்கு முன்னாடி மாலுமி வாயிலேர்ந்து சாப்பாடு கிளம்பும்."

ஸோயா சிரித்தாள். "தொட்டி பழகிப்போச்சுக்கா."

"செத்தவளைப் படுக்க வைக்கிற மாதிரி ஒரு வருஷமா அதுல கிடக்கறே. மனுஷி மாதிரி காலை நீட்டிப் படுடி. உன் முதுகு போனா தூக்கிவிட யார் வருவா, நான்தானே? எனக்கே இடுப்பு வலி."

"சரிக்கா."

"சத்தியமா?"

"சரின்னேன்ல."

ரிம்மா நிம்மதியாக வீட்டுக்குப் போனாள். பெட்டியில் வந்த மீனைக் கொத்திப் போட்டு வடை சுட்டுத் தின்றாள். ஜன்னலோரக் கட்டிலில் காலை நீட்டிப் படுத்தாள். விடியும்போது அபாயச் சங்கு ஊதியது. "ஊதட்டும், அவனுக்கும் பொழுது போகணும்" என்று புரண்டு படுத்தாள். கொஞ்ச நேரத்தில் ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது. முதல் சத்தம் தூரத்தில். இரண்டாவது சத்தம் வந்த திசை அவளுக்குத் தெரிந்த திசை.

போனை எடுத்துத் தங்கையைக் கூப்பிட்டாள். மணி அடித்தது. அடித்துக்கொண்டே இருந்தது. இரவு உடைமேல் கோட்டை மாட்டிக்கொண்டு இறங்கினாள். டிராம் ஓடவில்லை. ரொட்டி வண்டி ஒன்றை நடுரோட்டில் நின்று மறித்தாள். ஓட்டி வந்தவன் திட்ட வாயைத் திறந்தவன், அவள் முகத்தைப் பார்த்துக் கதவைத் திறந்தான். வழி முழுக்க, "இந்த அலையில முடியாது, முடியவே முடியாது" என்று அவனிடம் வாதாடிக்கொண்டே வந்தாள். அவன் வேகத்தைக் கூட்டினான். எதிரில் எழுந்துகொண்டிருந்த புகையை மட்டும் பார்த்துக்கொண்டு ஓட்டினான்.

குடியிருப்பின் ஒரு முனை இல்லை. ஸோயாவின் வீடும் அதற்கு மேலேயும் கீழேயும் இருந்த வீடுகளும் ஒன்றன்மேல் ஒன்றாக இறங்கியிருந்தன. தெருவைப் பார்த்த அறைகள் வெளிப்பக்கமாகச் சரிந்து நடைபாதையில் குவிந்திருந்தன. உள்பக்கத்து அறைகள் நின்ற இடத்திலேயே அமுங்கி வேறொரு குவியலாகக் கிடந்தன. அந்த இரண்டாவது குவியலுக்கு மேலே, ஐந்தாம் தளத்துக் கான்கிரீட் தரைப்பலகை இரண்டு கம்பிகளில் தொங்கிக்கொண்டிருந்தது. காற்று அடித்தபோதெல்லாம் அது முனகியது.

ரிம்மா நேராக இடிபாட்டின்மேல் ஏறினாள். யாரோ பின்னாலிருந்து கோட்டைப் பிடித்து இழுத்தார்கள். திரும்பி அவன் மார்பில் குத்தினாள். மீட்புக் குழுவின் தலைவன் அவன், மக்கார் என்று பெயர். முப்பது வயதிருக்கும். அதற்குள்ளேயே குரல் கம்மியிருந்தது.

"அடிங்கம்மா, பரவால்ல. ஆனா மேல நின்னு அடிக்காதீங்க. உங்க காலுக்குக் கீழ யாராவது இருக்கலாம்."

அதைக் கேட்டதும் அவள் கால்கள் தாமாகவே இறங்கின.

"யாரு உள்ள?"

"என் தங்கச்சி. நாலாவது மாடி, இடது பக்கம்."

"வீட்டுல எந்த இடத்துல இருந்திருப்பாங்க? நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. தெருப்பக்கத்து அறையா, உள்பக்கமா?"

"எதுக்குக் கேக்கறே? ரெண்டையும் தோண்டு!"

மக்கார் தொங்கிய பலகையைக் காட்டினான். "உள்பக்கம் கை வெச்சா அது விழும்மா. கிரேன் வெச்சு அதைப் பிடிச்சு நிறுத்திட்டுத்தான் கீழ தொட முடியும். அதுக்கே ரொம்ப நேரம் ஆகும். இன்னொரு கிரேன் துறைமுகத்துக்கிட்ட ஏவுகணை விழுந்த இடத்துல நிக்குது. என்கிட்ட இருக்கறது இது ஒண்ணு. மத்த வீட்டுக்காரங்க கணக்குல வந்துட்டாங்க, உங்க தங்கச்சி ஒருத்தர்தான் பாக்கி. எந்தப் பக்கத்துலேர்ந்து ஆரம்பிக்கட்டும்?"

எப்போதும் குளியலறைதான் என்று நாக்கு நுனி வரைக்கும் வந்தது. உடனே நேற்றுச் சாயங்காலம் ஞாபகம் வந்தது. சத்தியம் கேட்டு வாங்கியதும் ஞாபகம் வந்தது.

"தெருப்பக்கம்" என்றாள். "படுக்கையறை. கட்டில்ல."

"உறுதியா? இப்ப எல்லாரும் உள்ளதான படுக்கறாங்க?"

"நான்தான் கட்டில்ல படுக்கச் சொன்னேன். என் பேச்சை அவ தட்டினதே இல்லை. பிறந்ததுலேர்ந்து தட்டினதில்லை."

சொல்லிவிட்டு நடைபாதை விளிம்பில் உட்கார்ந்தாள். நானே கொண்டுபோய்ப் படுக்க வைத்தேனே, சுவருக்குப் பின்னால் பத்திரமாகக் கிடந்தவளை நானே எழுப்பிக் கொண்டுபோய் ஜன்னலோரம் படுக்க வைத்தேனே என்று நெஞ்சு அடித்துக்கொண்டது.

மக்கார் கையை உயர்த்தி, "அமைதி!" என்று கத்தினான்.

எங்கள் ஊரில் இப்போது எல்லோருக்கும் இது பழக்கம். இடிபாட்டில் அந்தச் சொல் எழுந்தால் கிரேன், லாரி, ஜெனரேட்டர் எல்லாம் அணைந்துவிடும். தெருவில் நடப்பவர்கள் ஒரு காலைத் தூக்கியபடியே நிற்பார்கள். குழந்தையின் வாயைத் தாய் பொத்துவாள். அடியிலிருந்து ஒரு முனகலோ தட்டலோ வருகிறதா என்று நூறு பேர் மூச்சைப் பிடித்துக்கொண்டு கேட்பார்கள். அன்றைக்கு வந்ததெல்லாம் காற்றின் சத்தமும், இரண்டு தெரு தள்ளிக் கரையில் மோதுகிற கடலின் சத்தமும்தான். முதல்நாள் சாயங்காலம் ரிம்மாவைச் சிரிக்க வைத்த அதே கடல். இப்போது அதன் வாயை அடைக்க அவளுக்குக் கை பரபரத்தது.

"போன் இருந்துச்சா அவங்ககிட்ட?" மக்கார் அவள் காதருகே குனிந்து கேட்டான். "கூப்பிடுங்க."

தங்கையின் பெயரைக் காட்டி அவள் போனை நீட்ட, அவனே அழுத்தினான். ரிம்மாவின் கையில் இருந்த போனில் மணி ஒலித்தது. அடுத்த நொடி, தெருப்பக்கத்துக் குவியலின் ஆழத்திலிருந்து, மெல்ல, பியானோ இசை ஒன்று கேட்டது.

"இருக்கா!" ரிம்மா அலறினாள். "அது அவ போன்! நான் சொன்னேன்ல! கட்டில்ல இருக்கா, நான் சொன்னேன்ல!"

கூட்டத்தில் யாரோ கை தட்டினார்கள். யாரோ சிலுவை போட்டுக்கொண்டார்கள். மக்காரின் முகம்கூட ஒரு கணம் சிறுபையன் முகம்போல ஆயிற்று. "தெருப்பக்கம்!" என்று ஆட்களைத் திருப்பினான். கிரேனின் கழுத்தும் அந்தப் பக்கம் திரும்பியது.

பிறகு வாளி வாளியாக நேரம் போயிற்று. ஆட்கள் வரிசையாக நின்று கல்லைக் கைமாற்றினார்கள். ரிம்மாவும் வரிசையில் நின்றாள். விரட்டிப் பார்த்துவிட்டு விட்டுவிட்டார்கள். ஒரு வாளியில் ஜன்னல் திரையின் கிழிசல் வந்தது. இன்னொன்றில் இசைத் தாள்கள் வந்தன. ஒவ்வொன்றையும் அவள் வாங்கி மடியில் துடைத்துப் பக்கத்தில் வைத்தாள். மணிக்கொரு முறை அமைதி கேட்டார்கள். ஒரு தடவை மக்கார் உள்பக்கத்துக் குவியலின்மேல் காதை வைத்துக் கேட்டான். எழுந்தபோது சந்தேகத்தோடு அவளைப் பார்த்தான்.

"இந்தப் பக்கம் இருக்க வாய்ப்பே இல்லையாம்மா?"

"அங்க எதுக்கு நேரத்தை வீணாக்கறே? போன் எங்க அடிச்சுது? உன் காதுலயும்தானே விழுந்துச்சு!"

அவன் இறங்கித் திரும்பி வந்தான்.

மதியத்துக்கு மேல் ஷூரா வந்தாள். ஊறுகாய்க் கடைக்காரி, ரிம்மாவின் முப்பதாண்டு சிநேகிதி, முப்பதாண்டுச் சண்டைக்காரி. பிளாஸ்க்கில் தேநீர் ஊற்றிக்கொண்டு வந்திருந்தாள். ரிம்மா வாயில் வைக்கவில்லை.

"கப்பல் எதுவும் கிளம்பலையாம்" என்றாள் ஷூரா, போனைப் பார்த்தபடி. "எல்லாம் துறைமுகத்துலயேதான் கட்டிக் கிடக்குதாம். நீ சொன்னது தப்பில்ல ரிம்மா."

"அப்ப இது என்ன, வானத்துலேர்ந்து குதிச்சுதா?"

ஷூரா போனை அணைத்தாள். "நீர்மூழ்கியாம். தண்ணிக்கு அடியிலேர்ந்து விட்டிருக்கான்."

ரிம்மா கையில் இருந்த வாளியைக் கீழே வைத்தாள். உளுவை மீனை அவளுக்குத் தெரியாதா? மேலே எவ்வளவு கொந்தளித்தாலும் அது அடியில் கல்லைக் கட்டிக்கொண்டு அசையாமல் கிடக்கும். அப்பா எத்தனை முறை சொல்லியிருக்கிறார், புயல் எல்லாம் மேல்தோலுக்குத்தான் என்று. மீனவன் மகள், மீன்காரி, நாற்பது ஆண்டு அந்த மீனை விற்றுத் தின்றவள். மேலே நின்று அலையை எண்ணினாளே தவிர, அடியைப் பற்றி ஒரு கணமும் நினைக்கவில்லை. ஆனைக்கும் அடி சறுக்கும் என்பார்கள். சறுக்கிய ஆனை யார்மேல் விழுந்தது என்பதுதான் கேள்வி.

"எத்தனை பேருக்குச் சொன்னேன், ஷூரா? தூங்குங்க, தூங்குங்கன்னு."

"எனக்கும்தான் சொன்னே. நானும் தூங்கினேன். குடி, சூடா இருக்கு."

"எம் மூஞ்சில ஊத்து அதை."

ஷூரா அவளைக் கட்டிப் பிடித்துக்கொண்டாள். இருவரும் சிமெண்ட் தூசி படிந்து வெள்ளைப் பொம்மைகள்போல அந்த நடைபாதையில் நின்றார்கள்.

அப்போதுதான் மேலேயிருந்து குரல் கேட்டது. கட்டில் வந்துவிட்டது. அதன் இரும்புக் கால்கள் முறுக்கிக்கொண்டிருந்தன. மக்கார் குப்புறப் படுத்து, கையை உள்ளே விட்டுத் துழாவினான். போனை எடுத்தான். சார்ஜ் கம்பி இன்னும் அதில் தொங்கியது. மறுபடி துழாவினான். பிறகு மெல்ல எழுந்து மண்டியிட்டான்.

"கட்டில்ல யாரும் இல்லம்மா."

"சரியாப் பாரு."

"பாத்தாச்சு. விரிப்பு மடிப்புக் கலையல. தலையணை இல்ல, ரஜாய் இல்ல. இதுல யாரும் படுக்கவே இல்ல."

ரிம்மாவுக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் வாய்விட்டுச் சிரித்தாள். ஷூரா பயந்துபோனாள். "படுக்கலையாம்! கேக்கலையாம் என் பேச்சை!" என்று ரிம்மா அவள் தோளைப் பிடித்து உலுக்கினாள். "சரிக்கான்னுட்டுத் தொட்டிக்குப் போயிட்டா, கள்ளி! போனை மட்டும் பிளக் இருக்கற இடத்துல வெச்சுட்டுப் போயிருக்கா!" ஆயுளில் எத்தனை சரிகள் இப்படிப்பட்ட சரிகளோ, அக்காவின் வாயை அடைக்கச் சொன்ன சரிகளோ, அவளுக்குத் தெரியவில்லை. அது எத்தனையாக இருந்தாலும் மன்னிக்கத் தயாராக இருந்தாள். இரண்டு சுவருக்கு உள்ளே இருக்கிறாள். பிழைத்திருக்கிறாள்.

சிரிப்பு நின்றது. அவள் தொங்கும் பலகையைப் பார்த்தாள். சாய்ந்துகொண்டிருந்த வெயிலைப் பார்த்தாள். விடிந்ததிலிருந்து இந்த நேரம் வரைக்கும் கிரேன் எந்தப் பக்கம் நின்றது என்பதைப் பார்த்தாள்.

"அந்தப் பக்கம்" என்றாள். சந்தையைக் கிடுகிடுக்க வைத்த குரல் காற்றாக வந்தது. "குளியலறை. தொட்டியில. சீக்கிரம் தம்பி, சீக்கிரம்."

மக்கார் அதற்குள் ஓடிக்கொண்டிருந்தான். கிரேன் திரும்பி, பலகையைக் கம்பிவடத்தால் கட்டிப் பிடித்தது. ஆட்கள் வாளியை விட்டுவிட்டு வெறுங்கையால் வாரினார்கள். ரிம்மாவை இந்தமுறை வரிசையில் சேர்க்கவில்லை. மேலே தொங்குவது எப்போது வேண்டுமானாலும் விழலாம் என்றார்கள். கட்டியிருந்த தடுப்புக் கயிற்றுக்கு வெளியே நின்று அவள் தங்கையோடு மெல்லிய குரலில் பேசிக்கொண்டே இருந்தாள். இனி எதையும் சொல்லமாட்டேன், எங்கே வேண்டுமானாலும் படுத்துக்கொள், அந்தச் சமையல்காரனை வேண்டுமானாலும் தேடிக் கட்டிக்கொள், கிழவனாகியிருப்பான், பரவாயில்லை என்றெல்லாம் சொன்னாள். கொஞ்ச நேரத்தில் அதுவும் தீர்ந்துபோய் வாய் மட்டும் அசைந்தது.

வெளிச்சம் மங்கும் நேரத்தில் வெள்ளைப் பீங்கான் விளிம்பு ஒன்று தெரிந்தது. தொட்டி உடையவில்லை. அதன்மேல் கதவு சாய்ந்து விழுந்து கூரைபோல நின்றிருந்தது. மக்காரும் இன்னொருவனும் கதவைத் தூக்கினார்கள். மருத்துவப் பெண் உள்ளே இறங்கினாள். எல்லோரும் ஓடிவருவார்கள் என்று ரிம்மா காத்திருந்தாள். ஸ்ட்ரெச்சர் என்று கத்துவார்கள் என்று காத்திருந்தாள். மருத்துவப் பெண் நிமிர்ந்து, மக்காரிடம் காதோடு காதாக ஏதோ சொன்னாள். மக்கார் தலைக்கவசத்தைக் கழற்றினான்.

ரஜாயோடு சேர்த்தே தூக்கிக்கொண்டு வந்து, கயிற்றுக்கு இந்தப் பக்கம் ஒரு பலகையில் கிடத்தினார்கள். ஸோயாவின் முகத்தில் காயம் எதுவும் இல்லை. தூசி மட்டும் இருந்தது. மூக்கையும் வாயையும் சுற்றி அது சேறாக இருந்தது. ரிம்மா பக்கத்தில் மண்டியிட்டுத் தன் கோட்டின் ஓரத்தால் அதைத் துடைத்தாள்.

மக்கார் எதிர்ப்பக்கத்தில் மண்டியிட்டான். விரல் நுனிகள் பத்தும் கிழிந்து ரத்தம் உறைந்திருந்தது. அவளைப் பார்க்காமல் ரஜாயைப் பார்த்துப் பேசினான்.

"வெடிச்ச உடனேயே போயிருக்காங்கம்மா. வலியே தெரிஞ்சிருக்காது. நாங்க எந்தப் பக்கம் ஆரம்பிச்சிருந்தாலும்..."

ரிம்மா ரஜாய்க்குள் கையை விட்டுத் தங்கையின் கையைப் பிடித்தாள். உள்ளே இன்னும் கதகதப்பு இருந்தது. விரல்களை மடக்கினாள், மடங்கின. நிமிர்த்தினாள், நிமிர்ந்தன. மணிக்கட்டு துணிபோலத் துவண்டது. உயிர் போனால் உடம்பு எப்போது விறைக்கும், எப்போது இளகும் என்பதை அவளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. நாற்பது ஆண்டுகளாக அவள் கைகளின் வேலையே அதுதானே? விடியற்காலையில் போன உயிராக இருந்தால் இந்த நேரத்துக்குக் கை மரக்கட்டையாக இருக்க வேண்டும். இது மதியத்துக்கு மேல் போன உயிர். அவர்கள் தெருப்பக்கத்தில் கட்டிலைத் தோண்டிக்கொண்டிருந்தபோது, அவள் அந்தப் பக்கம் போகாதே என்று விரட்டிக்கொண்டிருந்தபோது, இவள் இங்கே மூச்சுக்குத் தவித்திருக்கிறாள்.

நிமிர்ந்து மக்காரைப் பார்த்தாள். அவன் இன்னும் ரஜாயையே பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்கும் சந்தேகம் இருந்தது, கையைத் தொட்டால் அது உறுதியாகிவிடும். கிரேனைத் திருப்பியவன் அவன். நாளைக்கு இன்னொரு இடிபாட்டின்மேல் நின்று, எந்தப் பக்கம் என்று இன்னொருத்தியிடம் கேட்க வேண்டியவனும் அவன்தான். இப்போது அவனுடைய கை, ரஜாயைச் சரிசெய்ய, ஸோயாவின் கையை நோக்கி நீண்டது.

ரிம்மா அதற்குமுன் அந்தக் கையை ரஜாய்க்குள் ஆழமாகத் தள்ளி, ஓரத்தை இறுக்கிச் செருகினாள்.

"ஆமாப்பா, உடனேதான்" என்றாள். "கை கட்டையா விறைச்சுப் போயிருக்கு. விடியக்காலையிலயே போயிட்டா."